மல்லாட்டை வண்டியும் இரும்புக்கையும்

காட்பாடியில் எங்கள் தெரு முடியும் இடத்தில் மாலையானால் ஒரு மல்லாட்டை வண்டி வந்து நிற்கும். வேர்க்கடலையை வட ஆற்காட்டில் அப்படித்தான் சொல்வோம். மணிலாக்கொட்டை என்பது எங்கள் ஊர் நாக்கில் தேய்ந்து மல்லாட்டையாகிவிட்டது. வண்டிக்காரரைப் பெரியப்பா என்று அழைத்தோம். தெருவில் எவருக்கும் அவர் உறவில்லை, ஆனால் எல்லாப் பிள்ளைகளுக்கும் பெரியப்பா. இரும்புச் சட்டியில் மணலைச் சூடேற்றி, கடலையைக் கொட்டிப் புரட்டி, சல்லடையில் அரித்தெடுத்த பிறகு, அடுப்பின் மேலிருக்கும் அந்தச் சட்டியைத் துணி எதுவும் சுற்றாமல் வெறுங்கையால் பிடித்துத் தூக்கி இறக்கி வைப்பார். முகத்தில் ஒரு சுளிப்பும் இருக்காது. நாங்கள் ஐந்தாறு பையன்கள் அதற்காகவே காத்திருந்து கை தட்டுவோம். அது 1985-ஆம் ஆண்டு. எனக்கு ஒன்பது வயது.

அந்த வயதில் எனக்குத் தெரிந்த உலகத்தில் பாதி சிவகாசியில் அச்சானது. முத்து காமிக்ஸ் 1972-இல் தன் முதல் இதழாக வெளியிட்டது ‘இரும்புக்கை மாயாவி’. பிரிட்டனின் ‘வேலியண்ட்’ வார இதழில் 1962-இல் தொடங்கிய கதை அது என்பதெல்லாம் நான் பல ஆண்டுகள் கழித்துத் தெரிந்துகொண்டது. அதன் நாயகன் லூயிஸ் கிராண்டேல் அன்று எங்களுக்குத் தமிழ் பேசுகிற ஆள். ஆய்வுக்கூடத்து விபத்தில் வலக்கையை இழந்து உலோகக் கை பொருத்திக்கொண்டவன். மின்சாரம் பாய்ந்தால் அவன் உடல் மறைந்துவிடும், இரும்புக்கை மட்டும் காற்றில் மிதக்கும். மற்றவரைக் கொல்கிற மின்சாரம் அவனுக்குப் பலகாரம். எங்கள் தெருப் பையன் ஒருவன் ப்ளக் பாயிண்டில் ஆணியைச் செருகிப் பார்த்து, மறையாமல், எல்லோர் கண்ணுக்கும் தெரியும்படி சுவரோரம் விழுந்து கிடந்தான். பிழைத்துக்கொண்டான். அதற்குப் பிறகும் எங்கள் நம்பிக்கை குறையவில்லை, ஏனென்றால் கண்ணெதிரே ஓர் இரும்புக்கை தினமும் சட்டி இறக்கிக்கொண்டிருந்தது. பெரியப்பாவுக்கும் அந்தப் பட்டப்பெயர் தெரியும். “இன்னா நைனா, மறைஞ்சி பூடட்டா?” என்று கேட்டுவிட்டுச் சிரிப்பார்.

ஒருநாள் அவர் பொட்டலம் மடித்துக் கொடுத்தபோது உள்ளங்கையில் தோல் வெள்ளையாக உப்பியிருந்ததைப் பார்த்தேன். கொப்புளம் என்று சொன்னேன். அவர் கையைத் திருப்பி, வேறு யாருடைய கையையோ பார்ப்பதைப் போலப் பார்த்தார். அதற்குள் வண்டிக்குச் சோறு கொண்டுவந்த பெரியம்மா அதைக் கண்டுவிட்டார். “ஏன்யா, பசங்க கை தட்டறாங்கன்னு இன்னும் எத்தினி வாட்டிதான் சுட்டுக்குவ? தெனமும் துணி இன்னாத்துக்குக் குடுத்து அனுப்பறேன்?” என்று தெருவே கேட்கக் கத்தினார். பெரியப்பா ஒன்றும் சொல்லவில்லை. அன்றிரவு அம்மாதான் விஷயத்தைச் சொன்னார். பெரியப்பாவுக்கு முன்பு தொழுநோய் இருந்தது, மருந்தில் குணமாகிவிட்டது, மடங்கிப்போன விரல்களைக் கரிகிரி தொழுநோய் மருத்துவமனையில் அறுவை செய்து நிமிர்த்தினார்கள், ஆனால் போன உணர்ச்சி போனதுதான். அந்தக் கைக்குச் சூடு தெரியாது, முள் தெரியாது, வெட்டுத் தெரியாது. துணி சுற்றாமல் எதையும் தொடக்கூடாது என்று சொல்லித்தான் அனுப்பியிருந்தார்கள். அவர் அதை மீறியதற்குக் காரணம் நாங்கள். நாங்கள் கை தட்டினோம்.

வேலூர்க்காரர்களுக்கு இந்த மருத்துவக் கதை ஓரளவு தெரியும், ஆனாலும் சொல்லவேண்டியிருக்கிறது. கொல்லிமலையில் மிஷனரிப் பெற்றோருக்குப் பிறந்த பால் பிராண்ட் 1946-இல் வேலூர் சி.எம்.சி. மருத்துவமனைக்கு வந்தார். தொழுநோயாளியின் விரல்கள் நோயால் அழுகி உதிர்கின்றன என்றே அதுவரை உலகம் நம்பிக்கொண்டிருந்தது. பிராண்டும் அவரோடு இருந்தவர்களும் வேறொன்றைக் கண்டார்கள். தசை நல்ல தசைதான், செத்திருப்பது நரம்பு. வலி தெரியாததால் நோயாளியே தன் கையைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தின்றுவிடுகிறார்: சூடான பாத்திரத்தைப் பிடிக்கிறார், துருப்பிடித்த சாவியை விரல் கிழியும்வரை திருகுகிறார், ஒரே புண்ணின் மேல் மறுபடி மறுபடி அழுத்துகிறார். தூங்கும்போது எலி கடித்தாலும் தெரியாது என்பதால் சிலருக்குப் பூனை வளர்க்கக் கொடுத்தார்கள். செயலற்ற விரல்களை, முன்கையிலிருந்து நல்ல தசைநாணை எடுத்து இணைத்து மீண்டும் இயங்கவைக்கும் அறுவை முறையை அவர் இங்கேதான் வளர்த்தெடுத்தார். 1955-இல் கரிகிரி மையம் வந்தது. அறுவை விரலை நிமிர்த்தும். வலியைத் திருப்பிக் கொடுக்காது. அதனால்தான் பெரியம்மா தினமும் இரவில் கணவரின் கையையும் காலையும் தண்ணீரில் ஊறவைத்து, எண்ணெய் தடவி, ஒவ்வொரு விரலாக விளக்குக்கு நேரே திருப்பிப் பார்த்தார். அவருடைய வலியைப் பெரியம்மாவின் கண்தான் உணர்ந்துகொண்டிருந்தது.

இத்தனை பீடிகையும் சூப்பர் ஹீரோக்களைப் பற்றிப் பேசத்தான். அவர்களுடைய ஆண்மையைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் பலத்தைப் பற்றியே எழுதுகிறார்கள்: புஜம், மார்பு, முஷ்டி. எனக்கு அது பாதிதான் சரி என்று படுகிறது. பையன்களாகிய நாங்கள் அந்தப் பக்கங்களிலிருந்து கற்றுக்கொண்டது பலத்தை அல்ல. பலம் எங்களுக்கு வரப்போவதில்லை என்று எங்களுக்கே தெரியும். வலிக்காமல் இருப்பது வரும் என்று நம்பினோம். வலித்தாலும் வலிக்காதது போல நிற்பது கட்டாயம் வரும். அதற்கு மின்சாரமோ வேற்றுக் கிரகமோ வேண்டியதில்லை, முகம் இருந்தால் போதும்.

இந்த வகைக் கதைகளின் முதல் ஆளையே எடுத்துக்கொள்வோம். சூப்பர்மேன் 1938-இல் வெளிவந்தபோது அவனுக்குப் பறக்கத் தெரியாது. தாவ மட்டுமே தெரியும். ஆனால் வெடிக்கிற பீரங்கிக் குண்டைத் தவிர வேறெதுவும் அவன் தோலைத் துளைக்காது என்று முதல் இதழிலேயே எழுதிவிட்டார்கள். அவனைப் படைத்த ஜெர்ரி சீகலும் ஜோ ஷஸ்டரும் கிளீவ்லேண்டில் யூதக் குடியேறிகளின் பிள்ளைகள். சீகலின் தந்தை துணிக்கடை வைத்திருந்தார். 1932-இல் கடையில் திருட்டு நடந்த இரவில் மாரடைப்பில் இறந்துபோனார். அதற்கும் குண்டு துளைக்காத தோலுக்கும் முடிச்சுப் போடுகிறவர்கள் உண்டு. சீகல் அப்படிச் சொல்லிக்கொள்ளவில்லை என்பதால் நானும் அதை அடித்துச் சொல்லமாட்டேன், ஆனால் அப்பாவைக் காப்பாற்ற முடியாமல் போன பதினேழு வயதுப் பையன் எப்படிப்பட்ட தோலைக் கனவு காண்பான் என்பது எனக்கு விளங்குகிறது. இன்னொன்றும் உண்டு. அந்த முதல் இதழில் சூப்பர்மேன் அடக்குகிறவர்களில் ஒருவன், மனைவியைப் பெல்ட்டால் அடிக்கிற கணவன். உலகத்தை அழிக்க வந்த அரக்கனெல்லாம் பிற்பாடு வந்தவன். தொடக்கத்தில் எதிரி பக்கத்து வீட்டுக்காரன். இதை எண்பது ஆண்டுத் திரைப்படங்கள் சௌகரியமாக மறந்துவிட்டன என்பது என் எண்ணம்.

தோல் கெட்டியாகிக்கொண்டே போனதில் கதை சொல்கிறவர்களுக்கே சிக்கல் வந்தது. எதுவும் வலிக்காதவனை வைத்துக்கொண்டு என்ன கதை சொல்வது? கிரிப்டோனைட் என்ற பச்சைக் கல் 1943-இல் முதலில் வானொலி நாடகத்தில்தான் வந்தது, பிறகு 1949-இல் காமிக்ஸுக்கு வந்தது. நாயகனைத் துடிக்கவைப்பதற்காகத் தனியாக ஒரு கல்லைக் கண்டுபிடிக்கவேண்டியிருந்தது.

எங்கள் வீட்டில் அப்படி ஒரு கல் இருந்ததாக எனக்கு நினைவில்லை. அப்பாவை நாங்கள் நைனா என்போம். அவர் பட்டாளத்தில் ஹவில்தாராக இருந்து ஓய்வு பெற்றவர். எங்கள் மாவட்டத்தில் இது புதிதல்ல. கம்மவான்பேட்டையை ராணுவப்பேட்டை என்றே சொல்வார்கள், அங்கே வீட்டுக்கு ஒருவர் பட்டாளத்துக்குப் போனவர். நைனா பல் பிடுங்கிக்கொண்டு வந்த அன்றும், சைக்கிளிலிருந்து விழுந்து முழங்கை எலும்பு முறிந்த அன்றும் கேட்டவர்களுக்கெல்லாம் ஒரே பதில் சொன்னார்: “வலிக்கல.” நான் எதற்காகவாவது அழுதால் அடிக்கமாட்டார், அழுகை நிற்கும்வரை என்னைப் பார்க்காமல் வேறு பக்கம் திரும்பிக்கொள்வார். அடி எவ்வளவோ மேல் என்று தோன்றும்.

இந்தப் பின்னணியில்தான் கேப்டன் அமெரிக்கா எனக்குப் பிடித்துப்போனான். 1941 மார்ச் என்று தேதியிட்ட முதல் இதழின் அட்டையிலேயே ஹிட்லரின் தாடையில் குத்துவிட்டவன். ஆனால் நான் பார்த்தது 2011-இல் வந்த படத்தைத்தான். அதில் ஒல்லிப்பிச்சானாக வரும் ஸ்டீவ் ராஜர்ஸ், ஊர் பெயரை மாற்றி மாற்றி எழுதிக்கொடுத்து ஒவ்வொரு ஆள்சேர்ப்பு நிலையமாக ஏறி இறங்குகிறான். ஒவ்வொரு இடத்திலும் தகுதியில்லை என்று திருப்பி அனுப்புகிறார்கள். அரங்கில் மற்றவர்கள் சிரித்தார்கள். எனக்குச் சித்தப்பா மகன் ஞாபகம் வந்தான். எங்கள் பக்கம் ஆள்சேர்ப்பு முகாம் என்றால் முதல் நாள் இரவே பையன்கள் மைதான வாசலில் படுத்திருப்பார்கள். மார்பு 77 சென்டிமீட்டர் இருக்கவேண்டும். மூச்சை இழுத்தால் இன்னும் 5 சென்டிமீட்டர் விரியவேண்டும். தம்பி ஓட்டத்தில் தேறினான், உயரத்தில் தேறினான், விரிவில் விழுந்தான். நாடா பிடித்தவர் சொன்ன எண்ணை இன்றுவரை அவன் யாரிடமும் சொன்னதில்லை. ஸ்டீவ் ராஜர்ஸுக்கு, அவனைக் கேப்டன் அமெரிக்காவாக்கும் ஓர் ஊசி கிடைத்தது. தம்பிக்கு ராணிப்பேட்டையில் தோல் தொழிற்சாலை வேலை கிடைத்தது. அந்தப் படத்தை நான் அவனோடு உட்கார்ந்து பார்க்கவில்லை, பார்க்கவும் துணிவில்லை.

உடுப்பும் உடலும் ஆணை அளக்கும் கதைக்கு வேலூருக்கு வெளியே போகவேண்டியதில்லை. கோட்டைக்குள்ளே 1806 ஜூலை 10 அதிகாலையில் சிப்பாய்கள் எழுந்ததற்கு உடனடிக் காரணங்களில் ஒன்று புதிய உடை ஒழுங்கு: தோல் பட்டை வைத்த தலைப்பாகை, நெற்றியில் குறி கூடாது, தாடியை மழிக்கவேண்டும், மீசை சொன்ன அளவில் இருக்கவேண்டும். சமயமும் சாதியும் அதில் கலந்திருந்தன, திப்புவின் மக்கள் கோட்டையில் சிறையிருந்ததும் கலந்திருந்தது. ஆனால் பள்ளிப் பாடத்தில் அதைப் படித்தபோது எனக்கு உறைத்தது மீசைதான். ஒருவன் மேலுதட்டின் மேல் இருப்பதை இன்னொருவன் அளவெடுப்பது எப்படியிருக்கும் என்று நைனாவைக் கேட்டேன். “பட்டாளத்துல எல்லாத்துக்கும் அளவு உண்டு” என்றார்.

இனி எங்கள் பக்கத்துச் சொந்தச் சூப்பர் ஹீரோக்களுக்கு வருகிறேன். அம்மாவின் ஊர் செய்யாறு பக்கம். 1989-இல் மாவட்டத்தைப் பிரிக்கும்வரை அதுவும் வட ஆற்காடுதான். கோடையில் திரௌபதி அம்மன் திருவிழா வந்தால் பகலில் பாரதம் படிப்பார்கள், இரவில் கூத்து. புரிசை போன்ற ஊர்கள் தலைமுறை தலைமுறையாகக் கூத்துக்காரர்களின் ஊர்கள். கூத்தில் அரசனும் வீரனும் கட்டுவது கட்டை வேஷம்: லேசான மரத்தில் செதுக்கிக் கண்ணாடித் துண்டு பதித்த கிரீடம், புஜக்கட்டை, மார்ப்பதக்கம், இடுப்பிலிருந்து குடை போல விரியும் பாவாடை, காலில் சலங்கை. இருவர் திரை பிடிக்க, அதன் பின்னால் நின்று பாடித் தன்னை அறிவித்துவிட்டு துரியோதனன் வெளியே வந்து கிறுகிறுவென்று சுற்றும்போது, அவ்வளவு பெரிய ஆளை நான் எந்தத் திரையிலும் கண்டதில்லை.

விடிந்ததும் அதே துரியோதனன் அரிதாரத்தைத் தேங்காயெண்ணெய் போட்டுத் துடைத்துவிட்டு, டீக்கடைப் பலகையில் பீடியோடு உட்கார்ந்திருப்பார். கை வாழைத்தண்டு மாதிரிகூட இருக்காது, மூங்கில் குச்சிதான். அதில் எனக்கு ஏமாற்றம் வந்ததாக ஞாபகமில்லை. ஆளின் தோள் வேறு, வேஷத்தின் தோள் வேறு என்பது குழந்தைக்கும் தெரிந்திருந்தது. கட்டையைக் கட்டினால் வீரம், அவிழ்த்தால் மல்லாட்டைக் கொல்லைக்குத் தண்ணீர் பாய்ச்சுகிறவர். அடுத்த இரவு அவரே பெண் வேஷம் கட்டினாலும் யாரும் குறைத்துப் பேசமாட்டார்கள். பகட்டுப் பாவாடை கட்டிச் சுழல்கிற துரியோதனனை ஆண்மைக் குறைவு என்று எங்கள் பாட்டி ஒருநாளும் சொன்னதில்லை. டிவியில் ஜட்டியை வெளியே போட்டுக்கொண்டு வந்தவனைப் பார்த்துத்தான் விழுந்து விழுந்து சிரித்தார்.

கூத்துகளில் ஊரே அழுகிற கூத்து கர்ண மோட்சம். கர்ணனை நினைக்கும்போதெல்லாம் பெரியப்பாவின் கை எனக்கு முன்னால் வந்து நிற்கிறது. குரு பரசுராமர் மடியில் தலைவைத்துத் தூங்குகிறார். வண்டு கர்ணனின் தொடையைத் துளைக்கிறது. குருவின் தூக்கம் கலையக்கூடாது என்று அவன் அசையாமல் இருக்கிறான். இதைத் தமிழ்நாட்டில் பெருமையாகவே சொல்லுவார்கள், நைனாவும் எனக்குப் பெருமையாகத்தான் சொன்னார். ஆனால் கதை அங்கே நிற்பதில்லை. ரத்தம் பட்டு விழித்த குரு, இப்படி வலி பொறுக்கிறவன் பிராமணனாக இருக்க முடியாது, பொய் சொல்லி என்னிடம் வித்தை கற்றிருக்கிறாய் என்று சபிக்கிறார். தேர்ச்சக்கரம் புதைந்த நாளில் கற்ற வித்தை கைவிட்டுப்போவதற்கு அந்த அசையாமைதான் காரணம். அவன் ஒரு தடவை “ஐயோ” என்று கத்தியிருக்கலாம். பிறக்கும்போதே உடலோடு வந்த கவசத்தையும் அவன் அறுத்துக் கொடுத்துவிடுகிறான். எல்லா நாயகர்களும் கவசத்தை மாட்டிக்கொள்ளும் நேரத்தில் கதையில் இசை உயருகிறது என்றால், எங்கள் நாயகன் அதைக் கழற்றும்போதுதான் முகவீணை உச்சத்துக்குப் போகிறது.

மறைவாழ்வு என்ற சங்கதியையும் கூத்து பார்த்தவர்களுக்கு யாரும் விளக்கவேண்டியதில்லை. விராட பருவத்தை எங்கள் பக்கம் மாடுபிடி சண்டை என்று ஆடுவார்கள். அஞ்ஞாதவாசத்தில் பீமன் சமையற்காரன், தருமன் சூதாடக் கற்றுக்கொடுப்பவன், வில்லுக்கு விஜயனாகிய அர்ச்சுனன் பேடியாக இளவரசிக்கு ஆட்டம் சொல்லிக்கொடுக்கிறான். சூப்பர்மேனின் மறைவேடமான கிளார்க் கெண்ட் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, கூனிக்கொண்டு, திக்கிக்கொண்டு அலுவலகத்தில் நடமாடுவது இதே வேலைதான். 1978-இல் வந்த படத்தில் கிறிஸ்டோபர் ரீவ் ஒரே காட்சியில் கண்ணாடியைக் கழற்றி முதுகை நிமிர்த்தி, குரலை இறக்கி, மறுபடி கூனிக்கொள்வார். எந்த விசேஷத் தந்திரமும் இல்லாமல் ஒரே உடலில் இரண்டு ஆண்களைக் காட்டிய அந்தச் சில நொடிகளை எத்தனை தடவை பார்த்தேன் என்று கணக்கில்லை. ஆனால் ஒரு பெரிய வித்தியாசம் உண்டு. கிளார்க்கின் கோழைத்தனம் வெறும் நடிப்பு, உள்ளே இருக்கிறவன் அதைத் தொட்டுக்கொள்வதில்லை. அர்ச்சுனன் ஓராண்டு முழுக்க அப்படி வாழ்கிறான். பயந்து ஓடுகிற இளவரசன் உத்தரனைப் பிடித்துத் தேரில் ஏற்றி, அவனையே தேரோட்டச் சொன்ன அந்தப் பேடிதான் கடைசியில் காண்டீபத்தை எடுக்கிறான். மீசை முறுக்கி வீரம் பேசிக் கிளம்பிய உத்தரனைப் பார்த்து, கூத்தின் கோமாளியான கட்டியங்காரன் அடிக்கும் கிண்டலுக்குச் சிரிக்காத ஆண் அந்தக் கூட்டத்தில் இருக்கமாட்டான். எந்த மீசையைப் பார்த்துச் சிரிக்கிறோம் என்பது மட்டும் அவரவருக்குத் தெரியும்.

இந்த நூற்றாண்டில் கட்டை உடம்புக்குள்ளேயே போய்விட்டது. 2000-இல் ‘எக்ஸ்-மென்’ படத்தில், கை முட்டியிலிருந்து உலோக நகங்கள் நீளும் வுல்வரினாக முதலில் வந்த ஹியூ ஜாக்மனும் 2013-இல் அதே வேடத்தில் சட்டையில்லாமல் நின்ற ஹியூ ஜாக்மனும் ஒரே ஆள் என்று நம்புவது கடினம். அந்தக் காட்சிகளுக்கு முன் நரம்பு புடைத்துத் தெரிவதற்காகத் தண்ணீர் குடிப்பதைக்கூட நிறுத்துவதுண்டு என்று அவரே சொல்லியிருக்கிறார். இன்று காட்பாடியில் எங்கள் தெருவிலேயே இரண்டு ஜிம் இருக்கின்றன, இரண்டின் பலகையிலும் இந்தப் படங்களின் உடம்புகள்தான். புஜக்கட்டையை விடிந்ததும் அவிழ்த்து வைக்கலாம். இந்தத் தோளை எங்கே அவிழ்ப்பது?

ஆனால் அதே வுல்வரின்தான் எனக்கு இந்த வகைப் படங்களில் மிகவும் நேர்மையான ஆள். அவன் காயம் தானாக ஆறிவிடும்; அதனால் வலிக்காது என்று நாம் நினைத்துக்கொள்கிறோம். முதல் படத்திலேயே ஒரு சிறுமி, அந்த நகங்கள் வெளியே வரும்போது வலிக்குமா என்று கேட்கிறாள். ஒவ்வொரு தடவையும் வலிக்கும் என்று பதில் சொல்கிறான். யாரும் கேட்காததால் சொல்லாமலிருந்த பதில் அது. 2017-இல் வந்த ‘லோகன்’ படத்தில் அவனுக்கு ஆறுகிற சக்தி குறைந்துவிட்டது, நொண்டுகிறான், நரைத்துவிட்டான், நினைவு தடுமாறும் கிழ ஆசிரியரைத் தூக்கிக் கழிப்பறையில் உட்காரவைக்கிறான். அந்தக் காட்சியைப் பார்த்தபோது நான் நினைத்தது மல்லாட்டைப் பெரியம்மாவை. ஒரு சூப்பர் ஹீரோ படம் பெரியம்மா செய்த வேலையை ஓர் ஆணுக்குக் கொடுத்து நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. இரண்டே ஆண்டு கழித்து ‘எண்ட்கேம்’ படத்தில் மனமுடைந்து தொப்பை போட்ட இடிக்கடவுள் தோரை வைத்து வேடிக்கை செய்துவிட்டார்கள். தமிழில் முருகதாஸ் வசனம், அயர்ன் மேனுக்கு விஜய் சேதுபதி குரல் என்று அந்தக் குரலைப் பற்றித்தான் அன்று ஊரில் சண்டை. தோரின் வயிற்றைப் பார்த்து எல்லோரும் சிரித்தோம், நானும்தான்.

அயர்ன் மேன் என்றதும் ஒன்றைச் சொல்லியாகவேண்டும். அயர்ன் மேனாகிய டோனி ஸ்டார்க்கின் உடை உடலுக்கு எதுவும் படாமல் காப்பது. பால் பிராண்ட் 1966-இல் வேலூரிலிருந்து அமெரிக்காவின் கார்வில் தொழுநோய் மருத்துவமனைக்குப் போன பிறகு, அதற்கு நேர்மாறான ஓர் உடையைச் செய்யப் பார்த்தார். உணர்ச்சியற்ற கைக்கும் காலுக்கும் அழுத்தத்தை அளக்கும் கருவிகள் பொருத்தி, ஆபத்து வந்தால் எச்சரிக்கும்படி செயற்கை வலி ஒன்றை உண்டாக்கும் ஏற்பாடு. வெறும் ஒலியையும் ஒளியையும் நோயாளிகள் சட்டை செய்யவில்லை. உணர்ச்சி உள்ள இடத்தில் மின் அதிர்ச்சி கொடுத்துப் பார்த்தார்கள். ஒரு வேலையை முடித்தே தீரவேண்டும் என்றால் கருவியை அணைத்துவிட்டு வேலையை முடித்தார்கள். திட்டம் கைவிடப்பட்டது. அணைத்துவைக்கும் பொத்தான் இருந்தால் யார்தான் அணைக்கமாட்டார்கள்? நைனாவிடம் அந்தப் பொத்தான் பிறவியிலேயே இருந்தது.

பெண்களை நான் விட்டுவிடவில்லை. கதைகள்தான் விட்டுவிட்டன, அதுவும் எல்லாம் அல்ல. 1984-இல் தொடங்கிய லயன் காமிக்ஸின் முதல் இதழ் நாயகி மாடஸ்டி. அந்த இதழ்களை எல்லாம் பத்திரமாக வைத்திருந்தவள் அக்கா; நான் அவளிடமிருந்து திருடித்தான் படித்தேன். தமிழ்த் திரையின் சூப்பர் ஹீரோ முயற்சிகளில் ‘முகமூடி’ போன்றவற்றை வேகமாகக் கடந்துவிடலாம். 2023-இல் வந்த ‘மாவீரன்’ மட்டும் வேறு. அதன் நாயகன் ஒரு கார்ட்டூன் வரைகிறவன், பயந்தாங்கொள்ளி. வீரம் அவனுக்கு வெளியிலிருந்து ஒரு குரலாக வந்து பிடித்துக்கொள்கிறது, அவனோ அதை உதறித் தள்ளப் பார்க்கிறான். திரைக்குப் பின்னாலிருந்து வருகிற குரலுக்கு மெலிந்த ஓர் ஆள் ஆடுவது எங்களுக்குப் பழக்கமானதுதான். மலையாளத்தின் ‘மின்னல் முரளி’யில் தையற்காரனுக்கும் டீக்கடைப் பணியாளுக்கும் ஒரே மின்னல் சக்தி கொடுக்கிறது. குரு சோமசுந்தரம் நடித்த அந்தப் பணியாள், இருபத்தெட்டு ஆண்டு காத்திருந்த பெண்ணுக்காக அழுகிற அழுகையைப் பார்த்த பிறகு, அவனை வில்லன் என்று எழுத எனக்குக் கை வரவில்லை.

நைனாவுக்கு இப்போது எழுபத்தெட்டு வயது. சர்க்கரை வந்து இருபது ஆண்டுகளாகின்றன. இரண்டு பாதங்களிலும் உணர்ச்சி போய்விட்டது. மருத்துவர் மெல்லிய நைலான் இழையால் பாதத்தை ஒவ்வோர் இடமாகத் தொட்டு, தெரிகிறதா என்று கேட்டார். நைனா எல்லாவற்றுக்கும் தெரிகிறது என்றார், தொடாதபோதும் தெரிகிறது என்றார். பட்டை ஒட்டுகிற மைக்ரோ செல்லுலார் ரப்பர் செருப்பு எழுதிக்கொடுத்தார்கள். எங்கள் மாவட்டத்தில் தொழுநோயாளிகளின் காலில் நான் சிறுவயதில் பார்த்த அதே செருப்பு. நைனா அதைப் போட்டுக்கொள்ள ஒரு மாதம் மறுத்தார், பிறகு வீட்டுக்குள் மட்டும் போட்டார்.

இரவில் வாளியில் வெதுவெதுப்பான தண்ணீர் வைத்து அவர் காலை ஊறவைக்கிறேன். தண்ணீரின் சூட்டை என் முழங்கையால் பார்க்கவேண்டும், அவர் காலால் அல்ல. போன செவ்வாய்க்கிழமை என் மகன் பக்கத்தில் படுத்துக்கொண்டு கைபேசியில் ஏதோ சண்டைக் காட்சி பார்த்துக்கொண்டிருந்தான். அவனிடமிருந்து கைபேசியை வாங்கி, விளக்கைப் போட்டு, பாதத்தைத் திருப்பினேன். கட்டைவிரலுக்கும் அடுத்த விரலுக்கும் நடுவில் ஜல்லிக்கல் ஒன்று புதைந்து, சுற்றிலும் தோல் சிவந்து கன்றியிருந்தது. காலையில் பால் வாங்கப் போனபோது ஏறியிருக்கவேண்டும். மகன் எழுந்து எட்டிப் பார்த்தான்.

“தாத்தா, வலிக்குதா?”

நைனா தொலைக்காட்சியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. “எந்தக் கால்ல?” என்றார்.